ஓவர்லோட் என்று சொன்ன வாய்

தொட்டிக்குள் கையை விட்டு மெதுவாக ஒரு சுற்று சுற்றினேன். கரகரவென்று கேட்டது. பின்னால் நின்ற லெச்சுமிக்கா, "கேட்டீங்களா தம்பி, எட்டுப் போர்வையை ஒரே வாட்டி போட்டா மேசின் இப்படித்தான் கத்தும்" என்றார்.

அந்த எட்டுப் போர்வைக் கதைக்குக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தவனே நான்தான்.

தீபாவளி முடிந்து இரண்டு வாரம் இருக்கும். நீலாய்க்கு உள்ளே தள்ளி ஒரு பழைய ரப்பர் தோட்டம். பாதிக்கு மேல் விற்றாகிவிட்டது. மிச்சமிருக்கும் இரண்டு வரிசை வீடுகளில் கடைசி வீடு லெச்சுமிக்காவுடையது. வீட்டுக்குப் பின்னால், தகரக் கூரைக்குக் கீழே, சிமெண்டுத் தரையில் அந்தச் சலவை இயந்திரம் நின்றது. முன்பக்கம் வட்டக் கதவு வைத்த வகை. மேலே பூப்போட்ட பிளாஸ்டிக் விரிப்பு. பால்மரம் சீவி ஓய்ந்தபோது கையில் வந்த காசில் அவர் தனக்கென்று வாங்கிக்கொண்ட ஒரே பொருள் அது. அதன் கதவை யாராவது அடித்துச் சாத்தினால் அவருக்கே வலிக்கும்.

மகன் தினேஷ் எண்ணெய் ஆலைக்குச் செம்பனைக் குலை ஏற்றும் லாரி ஓட்டுகிறான். மருமகள் கவிதா நீலாயில் ஒரு தொழிற்சாலையில் வேலை செய்கிறாள். கல்யாணமாகி இரண்டு வருடம் ஆகவில்லை. நான் போன அன்று கவிதா அங்கே இல்லை. கோலா கிளாவாங்கில் இருக்கும் அம்மா வீட்டுக்குப் போய்ப் பதினோரு நாளாகியிருந்தது. அவள் போனதற்கும் நான் வாய் தவறி விட்ட ஒரு சொல்லுக்கும் நேரடிச் சம்பந்தம் உண்டு.

போனில் பார்த்த வைத்தியம்

இந்தப் பத்தியில் துருப்பிடித்த ஃபிரிட்ஜைப் பற்றி எழுதிய வாரத்துக்குப் பிறகு ஒரு வாசகர் கேட்டிருந்தார்: "சத்தத்தைக் கேட்டே கோளாற்றைச் சொல்லிவிடுவீர்களாமே, உண்மையா?"

உண்மைதான். பத்தொன்பது வருடம் செம்பனை ஆலையில் ஃபிட்டராக இருந்தவன் நான். ஸ்க்ரூ டிரைவரின் முனையை ஓடுகிற இயந்திரத்தில் வைத்து, பிடியைக் காதோடு ஒட்டிக்கொண்டு கேட்டால் உள்ளே நடப்பது தெரியும். ஆலையை விட்டு ராசா என்ற ஊரில் சின்னதாக ரிப்பேர் கடை போட்ட பிறகும் அந்தக் காதை வைத்துத்தான் பிழைப்பு. பெரும்பாலும் நான் சொன்னது சரியாக இருக்கும். அதனால் எனக்குக் கொஞ்சம் தலைக்கனம் ஏறியிருந்தது.

ஜனங்களும் அதற்கு ஏற்ற மாதிரி நடந்துகொள்வார்கள். கோளாறு என்றதும் போனில் இயந்திரம் போலவே கத்திக் காட்டுவார்கள். ராசாவில் ஒரு டீச்சரம்மா பள்ளிக்கூடத்திலிருந்தே போன் போட்டு, "ட்டடட்ட... ட்டடட்ட..." என்று நிறுத்தாமல் செய்து காட்டினார். பின்னால் பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிக்கும் சத்தம் கேட்டது. நீலாய்க்காரர்கள் எல்லாரும் ஒரே மாதிரி, "பிளேன் ஏர்ற மாதிரி இருக்கு அங்கிள்" என்பார்கள். அவர்கள் வீட்டுக்கு மேலேயே நிஜ விமானமும் போவதால், "மேசின் நின்னதும் சத்தமும் நிக்குதா பாருங்க" என்று நான் கேட்க வேண்டியிருக்கும்.

கவிதா போன் செய்தது தீபாவளிக்கு மறுநாள். நான் ஒரு சாப்பாட்டுக்கடையில் இருந்தேன். வாய் நிறையப் பரோட்டா.

"அங்கிள், மேசின் ஸ்பின் ஆகறப்போ பயங்கர சத்தம் லா. நான் துணி ஒண்ணும் போடாம வெறும் மேசினையும் ஓட்டிப் பார்த்தேன். அப்பவும் வருது. மெதுவா சுத்துனா கரகரங்குது, வேகமா சுத்துனா ஊளையிடுது."

இதற்கு மேல் ஒரு மெக்கானிக்குக்கு என்ன சொல்ல வேண்டும்? துணி போடாமலும் சத்தம் வருகிறது என்றால் துணியைச் சந்தேகப்பட வேண்டியதில்லை. வேகத்தோடு சத்தமும் ஏறுகிறது என்றால் பேரிங். பாதி வேலையை அந்தப் பெண்ணே முடித்து என் கையில் கொடுத்துவிட்டாள். நான் என்ன சொன்னேன் தெரியுமா? "வீட்டுல பெரியவங்க யாரும் இருந்தா குடும்மா."

லெச்சுமிக்காவுக்குக் காது கொஞ்சம் மந்தம். ஸ்பீக்கரில் போட்டுத்தான் பேசுவார்.

"தம்பி, விருந்தாளுங்க படுத்த போர்வை எட்டு. எல்லாத்தையும் ஒண்ணா திணிச்சிருக்கா. அதுலேருந்துதான் ரோசாக், கெட்டுப் போச்சு."

"அப்படிப் போட்டா தாங்குமாக்கா? ஓவர்லோட். பேரிங் போயிருக்கும். வந்து பார்க்கிறேன்" என்று சொல்லிவிட்டு மறுபடி பரோட்டாவைப் பார்த்தேன்.

ஸ்பீக்கருக்கு அந்தப் பக்கம் கூடத்தில் வடக்கே கெடாவிலிருந்து வந்த சொந்தக்காரர்கள் ஏழு பேர் இருந்தார்கள் என்பது பிறகுதான் தெரிந்தது. முறுக்கைக் கடித்துக்கொண்டு ஒருவர், "பாஸே சொல்லிட்டாரு லா. கேஸ் முடிஞ்சது" என்றாராம். எல்லாரும் சிரித்தார்களாம். அதோடு நின்றிருந்தால் பரவாயில்லை. அன்றிலிருந்து அவள் பெயரே ஓவர்லோட் ஆகிவிட்டது. தட்டில் கூடுதலாக ஒரு கரண்டி சோறு போட்டால் ஓவர்லோட். குடத்தைத் தூக்கினால் ஓவர்லோட். வாசலில் செருப்புகளை ஒதுக்கி வைத்தால் அதற்கும் ஓவர்லோட். நம் ஆட்களுக்கு ஒரு பட்டப்பெயர் கிடைத்துவிட்டால் போதும், வேறு பொழுதுபோக்கே வேண்டாம்.

மூன்றாம் நாள் சாயங்காலம் விருந்தாளிகள் கிளம்பிப் போனார்கள். நான்காம் நாள் காலையில் கவிதா பையைக் கட்டிக்கொண்டு அம்மா வீட்டுக்குப் போய்விட்டாள். நான் போய்ச் சேர்ந்ததும் இதையெல்லாம் லெச்சுமிக்காதான் சொன்னார். "ஒரு மேசினுக்குப் போய் இவ்வளவு ரோசமா தம்பி?" என்று என்னிடமே நியாயம் கேட்டார்.

கையைத் துடைத்துக்கொண்டு வேலையைத் தொடங்கினேன்.

கையால் கேட்பது

சலவை இயந்திரத்தில் சத்தம் வந்தால் எல்லாவற்றையும் பேரிங் தலையில் கட்டக்கூடாது. தொட்டிக்கும் வெளித்தொட்டிக்கும் நடுவில் என்னென்னவோ போய் மாட்டிக்கொள்ளும். ஊக்கு, சட்டைப் பொத்தான், ஐந்து காசு. ஒருமுறை ஒருவர் தேடித் தேடிக் கிடைக்காமல் விட்டிருந்த தாயத்தையே நான் எடுத்துக் கொடுத்திருக்கிறேன். அப்படி மாட்டினால் சத்தம் விட்டு விட்டு வரும், ஒரே இடத்தில் இடிக்கும். பெல்ட் தேய்ந்திருந்தால் கீச்சிடும். பேரிங் போனால் சுற்று முழுக்க ஒரே கரகரப்பு. கல் உப்பை அம்மியில் வைத்து ஓட்டுவது போலக் கையிலேயே தெரியும்.

அடுத்து, கதவைத் திறந்து தொட்டியின் விளிம்பை விரலால் பிடித்து மேலே தூக்கிப் பார்க்க வேண்டும். நல்ல இயந்திரத்தில் உள்தொட்டியும் வெளித்தொட்டியும் சேர்ந்து ஆடும். இதில் உள்தொட்டி மட்டும் தனியாக லொடலொடத்தது.

ஆக, பேரிங்தான். போனில் நான் சொன்னதில் பாதி சரி. மற்றப் பாதிக்காக இயந்திரத்தைத் திருப்பி வைத்துப் பின்தகட்டைக் கழற்றினேன்.

வழக்கமாக அங்கே இரண்டு விஷயம் இருக்கும். நூல் தூசி, பிறகு வெளித்தொட்டியின் நடுவிலிருந்து கீழே வழிந்த துருக்கோடு. உள்ளே தண்ணீரைத் தடுக்கும் ரப்பர் வளையம் கிழிந்தால் தண்ணீர் பேரிங்குக்குள் இறங்கி அப்படி வழியும். இங்கே தூசி ஒரு பொட்டு இல்லை. துலக்கி வைத்த பாத்திரம் மாதிரி இருந்தது. பெல்ட் ஓடும் சக்கரத்தின் நட்டநடுவில் சந்தனம், அதற்கு மேல் குங்குமம்.

"யாருக்கா இதைத் தொறந்தது?"

லெச்சுமிக்காவின் முகம் மலர்ந்தது. "நம்ம தினேஷ்தான். ஆயுதபூசைக்கு லாரியக் கழுவுவான்ல, அந்த ஜெட் பம்ப இங்கயும் கொண்டாந்து அடிச்சிருவான். மூணு வருசமா அப்படித்தான். பின்பக்கமெல்லாம் தொறந்து, லாரிக்குப் போடுற சோப்பே போட்டு. இவ்வளவு சுத்தமா நீங்க எந்த வீட்டுலயாச்சும் பார்த்திருக்கீங்களா?"

பார்த்ததில்லை.

ஆலையில் பூசை

இந்த ஊரில் ஆயுதபூசை என்றால் அதற்கு முன்னால் தண்ணீர் பூசை ஒன்று உண்டு. லாரி, டிராக்டர், மோட்டார் சைக்கிள், புல் வெட்டும் இயந்திரம் எல்லாம் வரிசையில் நிற்கும். அழுக்கோடு சாமிக்கு முன்னால் நிறுத்துவது மரியாதை இல்லை. போன வாரம் வரை சேறு அப்பிக் கிடந்த லாரி அன்றைக்குப் புதுமாப்பிள்ளை மாதிரி வாழைக்கன்றோடு நிற்கும். பார்க்க எனக்கும் பிடிக்கும்.

எங்கள் ஆலையிலும் கழுவினோம். ஆனால் ஒரு வழக்கம் இருந்தது. முதல் நாளே உரச் சாக்கையும் பிளாஸ்டிக் பையையும் எடுத்துக்கொண்டு மோட்டார்களையும் பேரிங்குகளையும் கட்டிவிடுவோம். கழுவி முடித்த பிறகுதான் அவிழ்ப்போம். பார்ப்பதற்கு ஆலை முழுக்கப் பொட்டலம் தொங்குவது போல இருக்கும். ஒரு வருடம் ஆபீசில் கணக்கு எழுதப் புதிதாக வந்த ஒரு கிராணி, இதெல்லாம் சாமிக்கு நேர்ந்துகொண்ட முடிச்சு என்று நினைத்து ஒவ்வொன்றின் முன்பும் கும்பிட்டுக்கொண்டே போனார். யாரும் அவரைத் திருத்தவில்லை. நான் உட்பட.

வீட்டில் இருக்கும் இயந்திரத்துக்கு அந்தச் சாக்கைக் கட்ட வேண்டும் என்று தினேஷுக்கு யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள் என்றுதான் அப்போது நினைத்தேன்.

இரண்டு பேரிங்

தொட்டியை வெளியே எடுத்துப் பிரித்து, தண்டைத் தட்டிக் கழற்றுவதற்குள் மத்தியானமாகிவிட்டது. இந்த வகையில் இரண்டு பேரிங் இருக்கும். துணிப்பக்கம் ஒன்று, பின்பக்கம் ஒன்று. அதிகப்படியான துணியாலோ ரப்பர் வளையம் கிழிந்தோ கெட்டுப் போனால் துணிப்பக்கம் இருப்பதுதான் முதலில் சாகும்.

ரப்பர் வளையம் புதுசு போல இருந்தது. துணிப்பக்கப் பேரிங்கை விரலில் மாட்டிச் சுற்றினேன். சத்தமில்லாமல் ஓடியது. உள்ளே கிரீஸ் கூட நிறம் மாறவில்லை. தொட்டியைத் தாங்கும் ஷாக் தண்டுகளும் விறைப்பாக இருந்தன. பின்பக்கப் பேரிங்கை மாட்டினேன். அது சுற்றவே மறுத்தது. மூடியைப் பெயர்த்தால் உள்ளே கிரீஸே இல்லை. செங்காவிச் சேறு. வெளியிலிருந்து அடித்த தண்ணீரும் லாரி சோப்பும் கிரீஸைக் கரைத்துக் கழுவிக்கொண்டு போயிருந்தன.

போர்வைக்கும் இதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. கவிதா எட்டுப் போர்வை போட்டிருந்தாலும் சரி, எண்பது போட்டிருந்தாலும் சரி.

இரண்டையும் லெச்சுமிக்காவின் உள்ளங்கையில் வைத்து விளக்கினேன். பொறுமையாகக் கேட்டார். பிறகு, "சாமி காரியத்துல தப்புங்கிறீங்களா?" என்றார்.

"சாமி மேல தப்பில்லக்கா. தண்ணி அடிச்ச இடம் தப்பு."

பேரிங்கை என் கையிலேயே திருப்பிக் கொடுத்தார். அவர் கெட்டவர் இல்லை. மகனைக் குறை சொல்ல வாய் வராத ஒரு அம்மா, அவ்வளவுதான். கடைசியில் குரலைத் தாழ்த்தி, "தம்பி, யாரும் கேட்டா மேசின் பழசாயிருச்சு, அதான்னு சொல்லிருங்க. அவ மேலயும் பழி வேணாம், இவன் மேலயும் வேணாம்" என்றார்.

கேட்க நல்ல சமாதானமாகத்தான் இருந்தது. வேறு வீடாக இருந்தால் சரி என்று தலையாட்டிவிட்டுக் கிளம்பியிருப்பேன். ஆனால் அவள் மேல் பழி ஏற்கெனவே விழுந்துவிட்டது. போட்டவன் நான். அதை எடுக்காமல் பொதுவாகப் பழசாகிவிட்டது என்று சொன்னால் கெடா வரைக்கும் அவள் ஓவர்லோட்தான்.

"அந்தப் பொண்ணுகிட்ட நான் சொல்லியாகணும்க்கா" என்றேன். அவர் வேண்டாம் என்று சொல்லவில்லை.

புது பேரிங் இரண்டும், புது ரப்பர் வளையமும் போட்டு இயந்திரத்தைப் பூட்டினேன். வெறும் தொட்டியை முழு வேகத்தில் ஓட்டினேன். காற்று போகிற சத்தம் மட்டும்தான். லெச்சுமிக்கா விரிப்பை எடுத்து மேலே போட்டுச் சுருக்கம் நீக்கினார்.

நான் வேனில் சாமான்களை ஏற்றிக்கொண்டிருந்தபோது தினேஷ் லாரியிலிருந்து இறங்கி வந்தான். பின்பக்கப் பேரிங்கைக் காட்டினேன். வாங்கிப் பார்த்தான். ஏன், எப்படி என்று ஒரு கேள்வியும் கேட்கவில்லை. எனக்கு அது அப்போதே உறைத்திருக்க வேண்டும்.

"அங்கிள், நீங்க அவகிட்ட சொன்னா நம்புவா. ஞாயித்துக்கிழமை என்னையும் கூட்டிட்டுப் போறீங்களா?" என்றான்.

மலை ரோடு

கோலா கிளாவாங் போகிற ரோடு வளைவுக்கு வளைவு வயிற்றைக் கலக்கும். நான் பேசிக்கொண்டே ஓட்டினேன். அவன் ஜன்னலைப் பார்த்தபடியே வந்தான். நடுவில் ஒருமுறை, "திட்டுவா அங்கிள்" என்றான். "திட்டினா நல்லது, வாங்கிக்க" என்றேன்.

கவிதாவின் அம்மா வீடு ரோட்டோரம். வாசலில் ரம்புத்தான் மரம். அவள் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். கையால் துவைத்த துணி, தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. எங்களைப் பார்த்ததும் முகத்தில் ஒன்றும் காட்டாமல், "வாங்க அங்கிள்" என்றாள். அவனை வா என்று சொல்லவில்லை.

உட்காரச் சொல்லும்வரை நான் காத்திருக்கவில்லை. பேரிங்கை எடுத்து அவள் கையில் கொடுத்தேன்.

"அன்னைக்குப் போன்ல நான் சொன்னது தப்பும்மா. இது போர்வையால போகல. பின்னாலேருந்து தண்ணி அடிச்சதால போயிருக்கு. நீ வெறும் மேசின ஓட்டிப் பார்த்தேன்னு சொன்ன. அதுதான் சரியான சோதனை. நான் காதுல வாங்கல. பெரியவங்ககிட்ட குடுன்னு சொன்னேன். மன்னிச்சுக்க."

என் வயதுக்கு, ஒரு சின்னப் பெண்ணிடம் மன்னிப்புக் கேட்பது அவ்வளவு சுலபமாக இல்லை. வெட்கமாகத்தான் இருந்தது. ஆனால் சொன்ன பிறகு மூச்சு விட முடிந்தது.

அவள் பேரிங்கைச் சுற்றப் பார்த்தாள். நகரவில்லை. விரலில் துரு ஒட்டியது. பாவாடையில் துடைத்துக்கொண்டாள்.

"நான் நாலு நாலாதான் போட்டேன் அங்கிள். ரெண்டு வாட்டி" என்றாள். "இப்பயாச்சும் சொன்னீங்களே. தேங்க்ஸ்."

தினேஷ் அப்போதுதான் வாயைத் திறந்தான். "நாந்தான் தண்ணி அடிச்சேன் கவி. பூசைக்கு."

"தெரியும். நானும் பக்கத்துலதான நின்னேன்." அவள் அவனை முதல்முறையாக நிமிர்ந்து பார்த்தாள். "தண்ணி போனா இப்படி ஆகும்னு உங்களுக்குத் தெரியாதா?"

அவன் என்னைப் பார்த்தான். நான் ரம்புத்தான் மரத்தைப் பார்த்தேன்.

"போன வருசம் லாரிக்கும் இப்படித்தான் ஆச்சு" என்றான். "வீலு பேரிங். அங்க தண்ணி அடிக்காதன்னு ஒர்க்‌ஷாப்ல சொன்னாங்க. மேசினுக்கும் அதேதான்னு அப்ப நெனக்கல."

"எப்ப நெனச்சீங்க?"

பொய் சொல்வான் என்றுதான் நான் எதிர்பார்த்தேன். சொல்லவில்லை.

"அங்கிள் போன்ல பேரிங்குன்னு சொன்னாருல. அப்பவே."

"அப்பவே."

"ம்."

"அப்புறம்தான் எல்லாரும் சிரிச்சாங்க" என்றாள் கவிதா. குரல் உயரவே இல்லை. "நீங்களும் சிரிச்சீங்க."

வீட்டுக்குள்ளிருந்து அவள் அம்மா எட்டிப் பார்த்துவிட்டு அப்படியே உள்ளே போய்விட்டார். ரோட்டில் ஒரு மோட்டார் சைக்கிள் போனது. எனக்கு அங்கே நிற்கவும் பிடிக்கவில்லை, கிளம்பவும் தெரியவில்லை. அந்தப் பையன் மேல் எனக்குக் கோபம் வந்தது. ஓரளவு பாவமாகவும் இருந்தது.

கவிதா உள்ளே போய் ஒரு கோப்பையில் பால் விடாமல் தேஓ கலக்கிக்கொண்டு வந்தாள். என்னிடம் கொடுத்தாள். ஒரே ஒரு கோப்பைதான். நின்றபடியே குடித்தேன். சர்க்கரை தாராளமாக இருந்தது. மலைப்பக்கம் வானம் இருட்டிக்கொண்டு வந்தது.

"மழை வரும் அங்கிள். மலை ரோடு வழுக்கும். நீங்க வெளிச்சத்துலயே எறங்கிருங்க" என்றாள்.

வேன் சாவியை எடுத்தேன். தினேஷும் தலையைக் குனிந்தபடி என் பின்னால் நடக்கத் தொடங்கினான். என் வேனில்தானே வந்தவன்.

"இவரு இருக்கட்டும்" என்றாள் கவிதா. "இவருகிட்ட நான் இன்னும் பேசவே ஆரம்பிக்கல."